கிரேக்கத் தொன்ம அரசர்களின் வம்சாவளியை வரைவது எப்படி: மேலிருந்து அல்ல, ட்ராயிலிருந்து

கிரேக்கக் கதைகளுக்குள் புதிதாக நுழைபவரைக் குழப்புவது கடவுளர் அல்ல, அரசர்கள். கடவுளர் பன்னிரண்டு பேரைத் தெரிந்துகொண்டால் பாதிக் கதை புரிந்துவிடும். அரசர்களோ நூற்றுக்கணக்கில் வருகிறார்கள். ஒரே பெயரில் மூன்று பேர் இருப்பார்கள். ஒருவனுக்கே இரண்டு அப்பன்களும் இருப்பார்கள். இதற்குக் கைகண்ட மருந்து, சொந்தக் கையால் ஒரு வம்சாவளி வரைவதுதான். அச்சடித்து விற்கும் படங்கள் பார்க்க அழகாக இருக்கும். ஆனால் முரண்பாடுகளை மழுங்கடித்து ஒரே ஒரு வடிவத்தை மட்டும் காட்டுவதால், அடுத்த புத்தகத்தைத் திறந்ததும் அவை பொய்த்துப் போகும்.

வரைய உட்காரும் பெரும்பாலோர் இனாகஸ், டியூக்கலியான் என்று ஆதி அரசர்களிடம் தொடங்கிக் கீழே இறங்குவார்கள். இதுதான் முதல் தவறு. அப்படி இறங்கினால் ட்ராய்ப் போரில் (கிரேக்க நகரங்கள் சேர்ந்து ட்ராய் மீது எடுத்த போர்) தோளோடு தோள் நின்று சண்டையிட்ட இருவர் உங்கள் தாளில் ஆறு வரிசை தள்ளித் தள்ளி நிற்பார்கள். ஒவ்வொரு நகரமும் தன் மூதாதையரைத் தனித்தனியாகச் சொல்லிவந்தது. மேலே போகப் போக ஒன்றுக்கொன்று ஒத்துவராது. எல்லா நகரத்துக் கதைகளும் ஓரளவு ஒப்புக்கொள்ளும் ஒரே தளம் ட்ராய்ப் போர்தான். அதை நட்டுவிட்டு மேலேயும் கீழேயும் கட்டுங்கள்.

தாளும் கோடுகளும்

ஏ3 தாள் ஒன்றை நெட்டுவாக்கில் வையுங்கள். இடது ஓரத்தில் 3 செ.மீ. விட்டு, 3.8 செ.மீ. அகலத்தில் ஏழு பத்திகள் போடுங்கள்: ட்ராய், ஆர்கோஸ் (டிரின்ஸும் மைசீனியும் இதிலேயே), தீப்ஸ், ஸ்பார்ட்டா, ஏதென்ஸ், கிரீட், தெசலி. மேலே தலைப்புக்கு இடம் விட்டு, 2.2 செ.மீ. உயரத்தில் பதினேழு வரிசைகள். கீழிருந்து நான்காவது வரிசைக்கு 0 என்று எண் கொடுங்கள். அது ட்ராயில் போரிட்டவர்களின் வரிசை. அதற்கு மேலே மேல்-1 முதல் மேல்-13 வரை. கீழே கீழ்-1 முதல் கீழ்-3 வரை. கணினியில் விரிதாளில் செய்தாலும் இதே கட்டமைப்புதான். ஆனால் முதல் முறை பென்சிலில் செய்வது நல்லது. அழிக்க வேண்டியது நிறைய வரும்.

பெற்றோர்–பிள்ளைக்கு ஒற்றைக் கோடு, திருமணத்துக்கு இரட்டைக் கோடு, அப்பா கடவுள் என்றால் புள்ளிக் கோடு, வேறொரு நூல் வேறு விதமாகச் சொன்னால் விட்டு விட்டு வரும் கோடு. ஒவ்வொரு கோட்டின் மேலும் எந்த நூல் சொன்னது என்பதற்கு ஓர் எழுத்து. காவியக் கவிஞர் ஹோமருக்கு ஹோ, அப்போலோடோரஸுக்கு அ, பாசனியாஸுக்கு பா, வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸுக்கு ஹெ. இந்த எழுத்தைப் போடச் சோம்பல்பட்டால் ஒரு வாரத்தில் உங்கள் படத்தை நீங்களே நம்ப மாட்டீர்கள்.

எதிலிருந்து எடுப்பது? அடிப்படைக்கு அப்போலோடோரஸ் பெயரில் வழங்கும் ‘நூலகம்’ போதும். கி.பி. 1 அல்லது 2-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த, குடும்பம் குடும்பமாக அடுக்கிவைத்த கையேடு அது. முதல் பகுதியில் டியூக்கலியான் வழி, இரண்டாவதில் ஆர்கோஸின் இனாகஸ் வழி, மூன்றாவதில் கிரீட், தீப்ஸ், ட்ராய், ஸ்பார்ட்டா, ஏதென்ஸ். கடைசிப் பகுதி முழுதாகக் கிடைக்கவில்லை, சுருக்கமாகவே கிடைத்திருக்கிறது. மைசீனியை ஆண்ட அகமெம்னானின் தாத்தா பெலாப்ஸ் வீட்டுக் கதை அந்தச் சுருக்கத்தில்தான் இருக்கிறது. ஃப்ரேசரின் 1921-ஆம் ஆண்டு ஆங்கில மொழிபெயர்ப்பு இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. அடிக்குறிப்புகளில் மாற்று வடிவங்களையும் அவர் சேர்த்துத் தருவதால் இந்த வேலைக்குப் பொருத்தமானது. நகர வாரியான உள்ளூர் மரபுக்கு, 2-ஆம் நூற்றாண்டில் ஊர் ஊராகச் சுற்றி எழுதிய பாசனியாஸ்: ஆர்கோஸுக்கு 2-ஆம் நூல், ஸ்பார்ட்டாவுக்கு 3, தீப்ஸுக்கு 9.

0 வரிசையையும் மேல்-1ஐயும் நிரப்புதல்

0 வரிசையில் முதலில் ஹெக்டர், ஈனியஸ், அகமெம்னான், மெனலாஸ், டயமீடீஸ், ஐடோமினியஸ், அக்கிலீஸ் ஆகியோரை எழுதுங்கள். ஏதென்ஸ் பத்தியில் தீசியஸின் மகன் டெமோஃபானை எழுதலாம். ட்ராய்ப் போரைப் பாடும் ஹோமரின் இலியட்டில் ஏதென்ஸ் படைக்குத் தலைவன் மெனெஸ்தியஸ் என்பதைப் பக்கத்தில் குறித்துக்கொள்ளுங்கள்.

மேல்-1 வரிசைக்கு மூன்று பெரிய நிகழ்ச்சிகள் துணை: ஆர்கோ கப்பல் பயணம், காலிடன் பன்றி வேட்டை, தீப்ஸ் மீது எழுவர் எடுத்த படையெடுப்பு. இவற்றில் பங்கெடுத்தவர்கள் எல்லாம் ட்ராய் வீரர்களின் அப்பாக்கள். அக்கிலீஸின் அப்பா பீலியஸ், அயாக்ஸின் அப்பா டெலமான், டயமீடீஸின் அப்பா டிடியஸ், அவர்களோடு தீசியஸ், ஹெராக்கிளீஸ். நெஸ்டர் மட்டும் அடங்க மாட்டார். இரண்டு தலைமுறை ஆண்டு முடித்து மூன்றாவதையும் ஆள்பவர் என்று இலியட்டே சொல்கிறது. அவரை மேல்-1இல் எழுதி 0 வரைக்கும் ஓர் அம்பு இழுங்கள்.

ட்ராய் பத்தியில் கையைப் பழக்குங்கள்

இதை முதலில் வரையச் சொல்வதற்குக் காரணம் உண்டு. முழு வரிசையும் இலியட்டின் 20-ஆம் காண்டத்தில் ஒரே இடத்தில், ஈனியஸ் அக்கிலீஸிடம் தன் குலப்பெருமை பேசும்போது வந்துவிடுகிறது. மேல்-6இல் ஜீயஸின் மகன் டார்டனஸ். மேல்-5இல் எரிக்தோனியஸ் (மூவாயிரம் பெண்குதிரை வைத்திருந்த பணக்காரன் என்பதை ஹோமர் மறக்காமல் சொல்கிறார்). மேல்-4இல் ட்ராஸ். அவருடைய மூன்று பிள்ளைகள் ஐலஸ், அசாரகஸ், கனிமீட் மேல்-3இல். இங்கே குலம் இரண்டாகப் பிரிகிறது. ஐலஸ் – லாவோமெடான் – ப்ரியம் – ஹெக்டர் ஒரு கிளை. அசாரகஸ் – காபிஸ் – ஆங்கைசிஸ் – ஈனியஸ் மற்றொன்று. இரண்டும் 0இல் வந்து சமமாக முடியும். ஹெக்டரும் ஈனியஸும் பங்காளிகள்.

சரிபார்க்க ஒரு வழி: லாவோமெடான் காலத்தில் ஹெராக்கிளீஸ் ட்ராயைச் சூறையாடினார், சிறுவன் ப்ரியம் தப்பினான். உங்கள் தாளில் லாவோமெடான் மேல்-2, ஹெராக்கிளீஸ் மேல்-1, ப்ரியமும் மேல்-1. பொருந்துகிறது. இந்த மாதிரி எல்லாம் பொருந்தும் பத்தி இது ஒன்றுதான், அனுபவித்துக்கொள்ளுங்கள்.

ஆர்கோஸ்: நீளமான பத்தி

ஹெராக்கிளீஸிலிருந்து மேலே ஏறுங்கள். மேல்-2இல் தாய் ஆல்க்மினி, மேல்-3இல் அவள் அப்பா எலெக்ட்ரியான், மேல்-4இல் பெர்சியஸ், மேல்-5இல் டனாயி, மேல்-6இல் அக்ரிசியஸ், மேல்-7இல் அபாஸ், மேல்-8இல் லின்சியஸ்–ஹைப்பெர்ம்னெஸ்ட்ரா, மேல்-9இல் டானஸ், மேல்-10இல் பீலஸ், மேல்-11இல் லிபியா, மேல்-12இல் எபாஃபஸ், மேல்-13இல் ஐயோ. ஐயோவின் அப்பா இனாகஸ் ஓர் ஆற்றுத் தெய்வம். அவருக்கு மேலே இடம் தேட வேண்டாம், தலைப்போடு ஒட்டி எழுதிவிடுங்கள்.

பத்தி ஒன்றானாலும் ஊர் மூன்று. அக்ரிசியஸும் ப்ரீட்டஸும் இரட்டையர். சண்டையிட்டு ஆர்கோஸ், டிரின்ஸ் என்று பிரித்துக்கொண்டார்கள். பெர்சியஸ் எறிந்த வட்டு தவறிப்போய்த் தாத்தா அக்ரிசியஸ் செத்ததும், தன் கையால் செத்தவரின் நாட்டையே ஆள வெட்கப்பட்டு, ப்ரீட்டஸின் மகன் மெகபென்தீஸிடம் ஆர்கோஸைக் கொடுத்து டிரின்ஸை வாங்கிக்கொண்டார். பிறகு மைசீனியைக் கட்டினார். ஆகவே பெர்சியஸுக்குக் கீழே உள்ளவர்களை ‘ஆர்கோஸ் அரசர்’ என்று எழுதினால் தவறு. ஒவ்வொரு பெயரருகிலும் ஊருக்கு ஒரு நிறப் புள்ளி வையுங்கள்.

இங்கே தமிழ் வாசகருக்கென்றே ஒரு கண்ணி இருக்கிறது. ஆல்க்மினியின் கணவன் ஆம்பிட்ரியான். இருவரின் அப்பாக்களும் பெர்சியஸின் மகன்கள். நம் முறைப்படி அண்ணன் தங்கை. அப்போலோடோரஸ் சொல்லும் வடிவத்திலோ ஆல்க்மினியின் தாய் அனாக்ஸோ ஆம்பிட்ரியானின் உடன்பிறந்தவள், அதன்படி முறைப்பெண்! அகமெம்னானின் மகன் ஒரெஸ்டீஸ், மெனலாஸின் மகள் ஹெர்மயோனி திருமணம் இன்னும் மோசம். அப்பாக்கள் அண்ணன் தம்பி, அம்மாக்கள் அக்கா தங்கை. ‘முறை தவறுகிறதே, எங்கோ தப்பாக எழுதிவிட்டோம்’ என்று கோட்டை அழித்துவிடாதீர்கள். சித்தப்பன் மகளைக் கட்டுவதில் கிரேக்கருக்குத் தடை கிடையாது. சொத்து வெளியே போகாமல் இருக்க அதை விரும்பவே செய்தார்கள்.

அரசு கைமாறும் இடம்: இரட்டைக் கோடு

ஆண்வழியை மட்டும் வரைந்த படத்தில் அரசர்கள் ஆகாயத்திலிருந்து குதித்தது போலத் தோன்றும். அகமெம்னான் மைசீனிக்கு எப்படி வந்தார்? பெர்சியஸின் ஊர் ஆயிற்றே. பெர்சியஸின் மகன் ஸ்தெனிலஸ், பெலாப்ஸின் மகள் நிசிப்பியை மணந்தார். அவர்கள் மகன் யூரிஸ்தியஸ், ஹெராக்கிளீஸை வேலை வாங்கியவன். அவன் படையெடுத்துப் போகும்போது மைசீனியைத் தாய்மாமன் ஏட்ரியஸிடம் (அகமெம்னானின் அப்பா) விட்டுப்போனான், ஆட்டிக்காவில் செத்தான், தாய்மாமனே அரசரானார். வரலாற்றாசிரியர் துசிடிடீஸ் சொல்லும் விளக்கம் இது. நிசிப்பியை விட்டுவிட்டால் இந்த வரலாறே இல்லை.

மெனலாஸ் ஸ்பார்ட்டாவுக்கு அரசரானது ஹெலனைக் கட்டியதால். பெலாப்ஸ் கிரேக்க நாட்டுப் பீசாவைப் பெற்றது அந்த ஊர் அரசரின் மகள் ஹிப்போடமியாவால். பெலரஃபான் லிசியாவில் பாதி நாடு பெற்றது அந்த ஊர் அரசரின் மகளை மணந்து. ஈடிபஸ் தீப்ஸின் அரியணை ஏறியது யொகாஸ்டாவை மணந்து. டயமீடீஸின் அப்பா டிடியஸ் காலிடனிலிருந்து துரத்தப்பட்டவர். ஆர்கோஸ் அரசர் அட்ராஸ்டஸின் மருமகனாகி அங்கே நிலைத்தார். ஆகவே விதி இதுதான்: ஓர் அரசன் வேற்றூரில் ஆள்கிறான் என்றால், பேனாவைக் கீழே வைத்துவிட்டு அவன் மனைவியின் அப்பாவைத் தேடுங்கள். இரட்டைக் கோட்டைப் பத்திகளைக் கடந்து இழுக்க வேண்டிவரும். தாள் அசிங்கமாகும், ஆகட்டும்.

பெலாப்ஸை எந்த வரிசையில் வைப்பது என்பது தனித் தலைவலி. அகமெம்னான் – ஏட்ரியஸ் – பெலாப்ஸ் என்று எண்ணினால் மேல்-2. தீசியஸ் – ஏத்ரா – பிட்தியஸ் – பெலாப்ஸ் என்று எண்ணினால் மேல்-4. யூரிஸ்தியஸ் வழியில் மேல்-3. இதைச் சரிசெய்ய நினைக்காமல் மேல்-4 முதல் மேல்-2 வரை நீளும் ஒரே நெட்டைக் கட்டத்துக்குள் பெயரை எழுதுங்கள். பழங்காலத்தவரும் இதே இடத்தில் திண்டாடியிருக்கிறார்கள் போலும். ஏட்ரியஸுக்கும் அகமெம்னானுக்கும் நடுவே பிளெய்ஸ்தினீஸ் என்று ஒருவரைச் செருகும் வடிவம் உண்டு. அப்போலோடோரஸ் ஓரிடத்தில் அகமெம்னானின் தாய் ஏரோப்பியின் கணவன் பிளெய்ஸ்தினீஸ் என்றும், இன்னோரிடத்தில் ஏட்ரியஸ் என்றும் எழுதுகிறார். இரண்டையும் விட்டு விட்டு வரும் கோட்டில் போடுங்கள். ஹோமரோ ஏட்ரியஸுக்கும் உடன்பிறந்த தைஸ்டிஸுக்கும் நடந்த வீட்டுச் சண்டையைப் பற்றி மூச்சே விடுவதில்லை. இலியட் 2-ஆம் காண்டத்தில் செங்கோல் பெலாப்ஸிடமிருந்து ஏட்ரியஸுக்கும், அவரிடமிருந்து தைஸ்டிஸுக்கும், பிறகு அகமெம்னானுக்கும் வெகு அமைதியாகப் போகிறது.

தீப்ஸும் கிரீட்டும்: எண்ணிக்கை உதைக்கும் இடம்

பீலஸின் உடன்பிறந்தவர் ஏஜினார், மேல்-10. அவர் பிள்ளைகள் காட்மஸும் யூரோப்பாவும் மேல்-9. காட்மஸிலிருந்து இறங்கினால் பாலிடோரஸ் மேல்-8, லாப்டகஸ் மேல்-7, லேயஸ் மேல்-6, ஈடிபஸ் மேல்-5, பாலினைசிஸ் மேல்-4, தெர்சாண்டர் மேல்-3. ஆனால் தெர்சாண்டர் ட்ராய்க்குப் புறப்பட்ட படையோடு போய், வழியில் மைசியாவில் டெலிஃபஸ் கையால் செத்தவர். 0இல் இருக்க வேண்டியவர். மூன்று தலைமுறை காணவில்லை.

என்ன செய்வது? தெர்சாண்டரை 0இல் வைத்து மேலே எண்ணுங்கள். லேயஸ் மேல்-3இல் வருவார். பெலாப்ஸின் வீட்டில் விருந்தாளியாக இருந்து, அவர் மகன் கிரிசிப்பஸைத் தூக்கிக்கொண்டு போனவர் லேயஸ் என்ற கதையோடு இது பொருந்தும். காட்மஸ் மேல்-6. அவருக்கும் மேல்-10இல் இருக்கும் ஏஜினாருக்கும் நடுவே உள்ள வெற்றுக் கட்டங்களை அப்படியே விட்டு, கோட்டின் மேல் ‘3 குறைவு’ என்று எழுதுங்கள். லாப்டகஸ் இறந்தபோது லேயஸுக்கு ஒரு வயது. இடையில் லைகஸ், பிறகு ஆம்ஃபியான்–சீதஸ் என்ற இரட்டையர் தீப்ஸை ஆண்டார்கள் என்பார்கள். அதனால் அரசர் பட்டியல் நீளுமே தவிர, தலைமுறை நீளாது. அரசர் பட்டியலும் வம்சாவளியும் வெவ்வேறு என்பதை இந்த இடம் நன்றாகக் காட்டும்.

கிரீட் இன்னும் கொடுமை. யூரோப்பா மேல்-9, மைனாஸ் மேல்-8, அவர் மகன் டியூக்கலியான் மேல்-7, பேரன் ஐடோமினியஸ் மேல்-6. அவரோ ட்ராயில் போரிடுகிறார். ஆறு குறைவு. வரலாற்றாசிரியர் டியோடோரஸ் இரண்டு மைனாஸ் இருந்ததாகச் சொல்லிப் பள்ளத்தைக் கொஞ்சம் தூர்க்கிறார். யூரோப்பாவின் இன்னொரு மகன் சார்பிடான் விஷயத்தில் அப்போலோடோரஸ் கொடுக்கும் ஒட்டு வேடிக்கையானது: ஜீயஸ் அவனுக்கு மூன்று தலைமுறை ஆயுள் கொடுத்தாராம். ஹோமருக்கு அந்தச் சங்கடமே இல்லை. அவருடைய சார்பிடான் பெலரஃபானின் மகள் வயிற்றுப் பேரன்.

சில சமயம் மாற்று வடிவம் உண்மையிலேயே பள்ளத்தை அடைத்துவிடும். ப்ரீட்டஸின் மகள்களுக்குப் பிடித்த பைத்தியத்தைத் தெளிவித்து, மெலாம்பஸும் அவர் உடன்பிறந்த பயாஸும் நாட்டில் பங்கு வாங்கினார்கள் என்பது அப்போலோடோரஸ். ப்ரீட்டஸ் மேல்-6. பயாஸின் பேரன் அட்ராஸ்டஸ் மேல்-1, ஆகவே பயாஸ் மேல்-3. ஒட்டவில்லை. பாசனியாஸ் இதை ப்ரீட்டஸின் கொள்ளுப்பேரன் அனாக்ஸகோரஸ் காலத்தில் நடந்ததாகச் சொல்கிறார். எண்ணிப் பாருங்கள், மெகபென்தீஸ் மேல்-5, ஆர்ஜியஸ் மேல்-4, அனாக்ஸகோரஸ் மேல்-3. கச்சிதம். இப்படி அமையும்போது இரண்டு கோட்டையும் போட்டு, பொருந்தும் கோட்டருகில் ஒரு சரிக் குறி இடுங்கள்.

ஏதென்ஸ் பத்திக்கு அதிகம் மெனக்கெட வேண்டாம். அங்கே சீக்ரோப்ஸ் இரண்டு, பாண்டியான் இரண்டு, எரிக்தோனியஸ்–எரெக்தியஸ் என்று ஒருவரையே பிளந்தாற்போல இருவர். பட்டியலை நீட்ட இரட்டிப்பாக்கியது பார்த்த மாத்திரத்தில் தெரிகிறது. தீசியஸுக்கு மேலே ஈஜியஸ், இரண்டாம் பாண்டியான் வரை உறுதியாக எழுதிவிட்டு, மற்றதைப் பென்சிலிலேயே விடுங்கள்.

பெயர்க் குழப்பம்

தமிழில் எழுதும்போது இது இரண்டு மடங்காகும். ப-வுக்கும் அதன் அதிர்வொலிக்கும் நமக்கு ஒரே எழுத்துதான். பீலஸ் டானஸின் அப்பா. பீலியஸ் அக்கிலீஸின் அப்பா. பெலியாஸ் ஜேசனைத் தங்கத் தோல் தேடி அனுப்பிய பெரியப்பா. பெலாப்ஸ் வேறு. தாளின் பின்பக்கம் ஒரு பெயர்ப்பட்டியல் போட்டு, ஒவ்வொரு பெயருக்கும் ஒரே எழுத்துக்கோவையை முடிவுசெய்து கடைசிவரை மாற்றாதீர்கள்.

ஒரே பெயர்க்காரர்களுக்கு நம் ஊர் இனிஷியல் முறை அருமையாக உதவும். பெர்சியஸின் மகன் பெ. ஸ்தெனிலஸ், டயமீடீஸின் தோழன் க. ஸ்தெனிலஸ் (அப்பா கபேனியஸ்). ஒரெஸ்டீஸின் மகன் ஒ. டிசமினஸ், தெர்சாண்டரின் மகன் தெ. டிசமினஸ். டியூக்கலியான், எரிக்தோனியஸ், பாலிடோரஸ், எலெக்ட்ரா, கிரியான் எல்லோருக்கும் இது வேண்டும். கிரேக்கரும் அப்பன் பெயரால் அழைத்தவர்கள்தான், ஏட்ரைடீஸ் என்றால் ஏட்ரியஸின் மகன். ஆனால் அப்படியே நம்பிவிட முடியாது. அக்கிலீஸை ஈயகைடீஸ் என்பது தாத்தா ஈயகஸை வைத்து, ஹெராக்கிளீஸை அல்சைடீஸ் என்பது ஆம்பிட்ரியானின் அப்பா அல்சியஸை வைத்து.

0வுக்குக் கீழே

மூன்று வரிசைதான், ஆனால் உங்கள் படம் சரியா என்று சொல்லும் தேர்வு இங்கேதான். ஹெராக்கிளீஸின் மகன் ஹைலஸ் 0, கிளியோடியஸ் கீழ்-1, அரிஸ்டோமகஸ் கீழ்-2, அவர் மகன்கள் டெமினஸ், கிரெஸ்ஃபான்டீஸ், அரிஸ்டோடிமஸ் கீழ்-3. இவர்கள்தாம் பெலாப்ஸ் வழியினரை விரட்டி ஆர்கோஸ், மெசீனியா, ஸ்பார்ட்டாவைப் பங்கு போட்டவர்கள். அப்போது எதிரே நின்றவர் ஒ. டிசமினஸ், கீழ்-2. சரியாக இருக்கிறது. இனி தீப்ஸ்: தெர்சாண்டர் 0, தெ. டிசமினஸ் கீழ்-1, ஆடீசியான் கீழ்-2, அவர் மகள் ஆர்ஜியா கீழ்-3. அவளை மணந்தவர் அரிஸ்டோடிமஸ், கீழ்-3. இரட்டைக் கோடு ஒரே வரிசையில் நேராக ஓடினால், தெர்சாண்டரை 0இல் வைத்தது சரி என்று பொருள். அவர்களுக்குப் பிறந்த இரட்டையர் யூரிஸ்தினீஸும் ப்ரோக்ளீஸும் ஸ்பார்ட்டாவின் இரட்டை அரச குடும்பங்களுக்கு மூலவர்கள். ஈடிபஸின் ரத்தம் ஸ்பார்ட்டா அரண்மனைக்குப் போன வழி இதுதான்.

வரிசைகளுக்கு ஆண்டு எழுத ஆசை வரும், வேண்டாம். ட்ராயின் வீழ்ச்சிக்குக் கிரேக்க அறிஞர் எரடோஸ்தெனீஸ் கி.மு. 1184 என்றார், பாரோஸ் தீவுக் கல்வெட்டு 1209 என்கிறது. மூன்று தலைமுறைக்கு நூறு ஆண்டு என்று ஹெரோடோட்டஸ் ஓரிடத்தில் கணக்குச் சொல்கிறார். அவரே கொடுக்கும் பட்டியலில் கி.மு. 480-இல் இறந்த ஸ்பார்ட்டா அரசர் லியோனிடாஸ், ஹெராக்கிளீஸுக்கு இருபதாம் தலைமுறை. அந்தக் கணக்கில் இடைவெளி சுமார் 670 ஆண்டு. ஆனால் ஹெராக்கிளீஸ் தமக்கு 900 ஆண்டு முந்தியவர் என்றும் அவரே எழுதுகிறார். அந்தப் பட்டியலில் யூரிஸ்தினீஸ் முதல் லியோனிடாஸ் வரை உள்ள பதினாறு பெயரையும் தனித் தாளில் எழுதி, அரிஸ்டோடிமஸின் கட்டத்துக்குக் கீழே பசை போட்டு ஒட்டிக்கொள்ளுங்கள். மடித்து வைத்தால் போதும்.